தோட்டத் தொழிலாளரும் சட்டத்தின் வாசலும்



“எங்கள் குடும்பத்தில் யாரும் போலீஸ் ஸ்டேஷன் வாசலையோ கோர்ட்டுப் படியையோ மிதித்ததில்லை.” நம் தோட்டங்களில் பெண் கேட்டு வருபவர்களிடம் பெரியவர்கள் பெருமையோடு சொல்லும் பேச்சு இது. நல்ல குடும்பம் என்பதற்கு அது ஓர் அத்தாட்சி. அந்தப் பெருமையை நாம் குறை சொல்ல வரவில்லை. ஆனால் அதற்குள்ளே ஓர் அச்சமும் ஒளிந்திருக்கிறது. போலீஸ் என்றால் பிடித்துக்கொண்டு போகும் கை. கோர்ட்டு என்றால் தண்டனை கொடுக்கும் வாய். இரண்டும் துரையின் பக்கம் நிற்பவை. இப்படி ஓர் எண்ணம் நம் மக்கள் மனத்தில் ஊறிப்போயிருக்கிறது.

இந்த அச்சத்தால் நட்டப்பட்ட ஒரு குடும்பத்தை நாங்கள் அறிவோம். பத்தொன்பது ஆண்டுகள் வெளிக்காட்டு வேலை செய்த ஓர் அம்மையார். ஒருநாள் காலைப் பெரட்டில், “நாளையிலிருந்து உனக்கு வேலை இல்லை” என்று சொல்லி அனுப்பிவிட்டார்கள். காரணம் ஏதும் சொல்லவில்லை. மகன் முறையிடலாம் என்றான். வீட்டுப் பெரியவரோ, “வேண்டாமப்பா, கோர்ட்டு கச்சேரி என்று நமக்கு எதற்கு? ஏழை சொல் அம்பலம் ஏறாது” என்று தடுத்துவிட்டார். ஐந்து மாதம் கழித்து, மனம் ஆறாமல், இலாகா அலுவலகத்துக்குப் போனார்கள். அதிகாரி பொறுமையாகக் கேட்டுவிட்டு ஒரே ஒரு கேள்வி கேட்டார்: “ஏன் அம்மா அறுபது நாளுக்குள் வரவில்லை?” அந்தக் கேள்விக்கு அவர்களிடம் பதில் இல்லை.

அவர்களிடம் இல்லாத பதில் வரலாற்றில் இருக்கிறது. அந்தப் பெரியவரின் அச்சம் வீண் அச்சம் அல்ல. அவருடைய தகப்பனாரும் பாட்டனாரும் பட்ட அனுபவத்திலிருந்து பிறந்தது அது. தொழிலாளருக்கும் முதலாளிக்கும் தகராறு வந்தபோதெல்லாம் போலீசும் நீதிமன்றமும் என்ன செய்தன என்பதை இன்று சற்றே திரும்பிப் பார்ப்போம்.

முதலில் ஒப்பந்தக் கூலி முறையின் காலம். பத்தொன்பதாம் நூற்றாண்டில் செபராங் பிறையின் கரும்புத் தோட்டங்களுக்கும் பிற தோட்டங்களுக்கும் தமிழ்நாட்டிலிருந்து நம் முன்னோர் கப்பல் ஏறி வந்தார்கள். கப்பல் கட்டணத்தை முதலாளி கொடுத்தார். அந்தக் கடனை அடைக்கக் குறிப்பிட்ட ஆண்டுகள் அந்தத் தோட்டத்திலேயே வேலை செய்வதாக ஒப்பந்தத்தில் கைநாட்டு வைத்தார்கள். அந்த ஒப்பந்தத்தின் தன்மையை நாம் ஊன்றிக் கவனிக்க வேண்டும்.

இன்று நாம் ஒரு கடையில் வேலைக்குச் சேர்ந்து, பிடிக்காமல் நின்றுவிட்டால், மிஞ்சிப் போனால் நோட்டீசுக்கு உரிய பணத்தைக் கேட்பார்கள். அது பணத் தகராறு. அதற்காக யாரும் சிறைக்குப் போவதில்லை. அந்தக் காலத்தில் அப்படி இல்லை. வேலைக்கு வராமல் இருப்பது குற்றம். தோட்டத்தை விட்டு ஓடிப்போவது குற்றம். சொன்ன வேலையைச் செய்ய மறுப்பதும் குற்றம். ஓடியவரைப் பிடிக்க வாரண்டு பிறக்கும். போலீஸ் தேடிப் பிடித்து வரும். மாஜிஸ்திரேட் அபராதமோ சிறையோ விதிப்பார். சிறையில் கழித்த நாள்களும் வேலைக்கு வராத நாள்களும் ஒப்பந்தக் காலத்தோடு சேர்த்துக்கொள்ளப்படும். சிறைக்குப் போய் வந்தாலும் கடன் தீராது.

முதலாளி சம்பளத்தைப் பிடித்துக்கொண்டால் என்ன ஆகும்? அதற்கும் சட்டத்தில் இடம் இருந்தது. தொழிலாளி முறையிடலாம் என்று எழுதித்தான் வைத்திருந்தார்கள். ஆனால் முறையிட வேண்டுமானால் தோட்டத்தை விட்டு வெளியே போக வேண்டும். அனுமதி இல்லாமல் வெளியே போனாலோ அதுவே குற்றம். எழுத்தில் இருந்த உரிமை, நடக்க முடியாத பாதையின் முடிவில் இருந்தது.

1910-ஆம் ஆண்டோடு இந்தியாவிலிருந்து ஒப்பந்தக் கூலிகளை அழைத்து வருவது நின்றது. கங்காணி முறை தொடர்ந்தது. வேலையை விட்டதற்காகத் தொழிலாளியைச் சிறைக்கு அனுப்பும் சட்டப் பிரிவுகள் 1920-களின் தொடக்கத்தில்தான் முற்றாக நீங்கின. அப்படியானால் மூன்று, நான்கு தலைமுறைகள் ‘வேலைக்குப் போகாவிட்டால் போலீஸ் பிடிக்கும்’ என்பதைக் கண்ணால் கண்டு வாழ்ந்திருக்கின்றன. சட்டம் மாறிய பிறகும் அந்த நினைவு மாறவில்லை. இதில் வியப்பதற்கு ஒன்றுமில்லை.

அடுத்து நாம் 1941-ஆம் ஆண்டுக்கு வருவோம். இடம் கிள்ளான் வட்டாரம்.

1930-களின் தொடக்கத்தில் உலகெங்கும் ஏற்பட்ட பொருளாதார மந்தத்தில் ரப்பர் விலை விழுந்தது. தோட்டச் சம்பளமும் வெட்டப்பட்டது. நிலைமையை நேரில் ஆராய 1936-இல் இந்தியாவிலிருந்து வந்த வி. எஸ். சீனிவாச சாஸ்திரி, வெட்டிய சம்பளத்தைத் திரும்பக் கொடுக்க வேண்டும் என்றார். ஆண்களுக்கு நாளொன்றுக்கு 50 காசு, பெண்களுக்கு 40 காசு என்ற அளவைச் சுற்றியே சம்பளம் நின்றது. 1939-இல் ஐரோப்பாவில் போர் மூண்டது. ரப்பருக்குத் தேவை பெருகியது, விலை ஏறியது, அரிசி விலையும் கூடவே ஏறியது. சம்பளம் மட்டும் ஏறவில்லை. அதே பால்மரத்தை வெட்டும் சீனத் தொழிலாளருக்குக் கூடுதலாகக் கிடைத்தது.

அப்போது கிள்ளான் மாவட்ட இந்தியர் சங்கம் தொழிலாளர்களிடையே வேலை செய்தது. அதன் தலைவர் ஆர். எச். நாதன், ‘தமிழ் நேசன்’ பத்திரிகையில் பணியாற்றியவர். அவரோடு ஒய். கே. மேனனும் துணை நின்றார். தொழிலாளர்கள் முன்வைத்த கோரிக்கைகளை இன்று படித்தாலும் நெஞ்சு கனக்கிறது. சீனத் தொழிலாளருக்கு இணையான சம்பளம் கேட்டார்கள். அதோடு நின்றுவிடவில்லை. பிள்ளைகளுக்கு ஒழுங்கான படிப்பு வேண்டும் என்றார்கள். பெண்களிடம் முறைகேடாக நடப்பது நிற்க வேண்டும் என்றார்கள். நல்ல மருத்துவ வசதி வேண்டும். கள்ளுக்கடைகளை மூட வேண்டும். உற்றார் உறவினர் தோட்டத்துக்குள் தடையின்றி வந்துபோக வேண்டும். குறை சொன்னவரைப் பழிவாங்கக் கூடாது. சங்கம் அமைக்க உரிமை வேண்டும் என்றார்கள். துரையும் கிராணியும் எதிரே வந்தால் சைக்கிளை விட்டு இறங்காமல் ஓட்டிப்போக உரிமை வேண்டும் என்பதும் அவற்றுள் ஒன்று.

சைக்கிள் கோரிக்கையைக் கேட்டு இன்றைய இளைஞர்கள் சிரிக்கலாம். சற்றே எண்ணிப் பாருங்கள். தன் பணத்தில் வாங்கிய சைக்கிளில், தன் வழியே போகும் ஒரு மனிதன், இன்னொரு மனிதனைக் கண்டதும் இறங்கி நிற்க வேண்டும். வயிற்றுக்கு மட்டுமல்லாமல் மானத்துக்காகவும் நடந்த போராட்டம் அது.

ஆண்டின் முற்பகுதியில் தோட்டம் தோட்டமாக வேலை நிறுத்தம் பரவியது. தொழிலாளர் இலாகா சமரசம் பேசியது. ஏப்ரலில் ஆண்களின் சம்பளம் படியோடு சேர்த்து 60 காசு அளவுக்கு உயர்ந்தது. வேலைக்குத் திரும்பினார்கள். அத்தோடு முடிந்திருந்தால் அது பேச்சுவார்த்தையின் வெற்றியாக வரலாற்றில் நின்றிருக்கும்.

ஆனால் மே மாதத் தொடக்கத்தில் நாதன் கைது செய்யப்பட்டார். அவரை விடுதலை செய்யக் கோரித் தொழிலாளர்கள் கிள்ளானில் திரண்டார்கள். மீண்டும் வேலை நிறுத்தம். போலீசாரோடு இராணுவமும் வந்து இறங்கியது. மே 16-ஆம் நாள் சிலாங்கூரில் அவசர நிலை அறிவிக்கப்பட்டது. துப்பாக்கிச் சூட்டில் தொழிலாளர் ஐவர் உயிரிழந்தனர், பலர் காயமுற்றனர். ஏறக்குறைய முந்நூறு பேர் கைதாகினர். கைதானவர்களில் சிலர் நாடு கடத்தப்பட்டனர். சிலர் தாங்களாகவே இந்தியாவுக்குத் திரும்ப ‘ஒப்புக்கொள்ள’ வைக்கப்பட்டனர். நாதனும் இந்தியாவுக்கு அனுப்பப்பட்டார்.

இதில் நீதிமன்றம் எங்கே வந்தது என்று கேட்கிறீர்களா? நாதன் விஷயத்தில் அது வரவே இல்லை. அவர் இன்ன குற்றம் செய்தார் என்று சாட்சிகளை நிறுத்தி, அவர் தரப்பையும் கேட்டு, ஒரு நீதிபதி தீர்ப்புச் சொல்லவில்லை. போர்க்காலச் சட்டத்தின் கீழ் பிடித்தார்கள், கப்பலில் ஏற்றினார்கள். நம் மக்கள் கோர்ட்டைக் கண்டு அஞ்சியது உண்மைதான். ஆனால் கோர்ட்டே இல்லாமல் ஒருவனை ஊரை விட்டு அனுப்ப முடியும் என்றால், அது அதைவிடக் கொடியது அல்லவா? ஐந்து உயிர் போனதற்கு முறையான விசாரணை வேண்டும் என்ற குரல் எழுந்தது. அதே ஆண்டு டிசம்பரில் ஜப்பானியர் கோத்தா பாருவில் கரையிறங்கினர். அந்தக் குரல் போரின் இரைச்சலில் அமுங்கிப்போனது.

போர் முடிந்தது. தொழிற்சங்கச் சட்டம் 1946-இல் நடைமுறைக்கு வந்தது. சங்கம் வைப்பது சட்டப்படி உரிமையானது. ஆயினும் போலீசுக்கும் தொழிலாளருக்கும் இடையே இருந்த பகை ஒரே நாளில் தீரவில்லை. கெடாவின் கதை இதைச் சொல்கிறது.

பீடோங் வட்டாரத்து ஹார்வர்ட் தோட்டத்தில் ஏ. எம். சாமி என்பவரின் தலைமையில் தொண்டர் படை எழுந்தது. கள் குடித்துக் குடும்பத்தைக் கெடுக்காதே என்பது அந்த இளைஞர்களின் முதல் முழக்கம். 1947 பிப்ரவரி இறுதியில் பீடோங் கள்ளுக்கடை முன் மறியல் நடந்தது. போலீசார் கூட்டத்தைக் கலைத்தபோது அடிபட்ட தொழிலாளி ஒருவர் இறந்தார். மார்ச் தொடக்கத்தில் டப்ளின் தோட்டத்தில் போலீசார் சுட்டதில் இன்னொருவர் மாண்டார். ஏப்ரலில் புக்கிட் செம்பிலான் தோட்டத்தில் மோதல் ஏற்பட்டது; அறுபதுக்கும் மேற்பட்டோர் கைதாகி நீதிமன்றத்தில் நிறுத்தப்பட்டு, பெரும்பாலோர் சிறைக்குப் போனார்கள்.

இங்கே இன்னொன்றையும் நடுநிலையோடு சொல்ல வேண்டும். மறியல் செய்தவர்கள் எல்லாரும் கைகட்டி நின்றார்கள் என்பதில்லை. சில இடங்களில் கல்லும் கட்டையும் பேசின. ஆனால் தோட்டம் தனியார் நிலம். வெளியார் நுழைந்தால் அத்துமீறல். நிர்வாகம் ஒரு தகவல் அனுப்பினால் போலீஸ் லாரி வந்து நிற்கும். சம்பளத் தகராறு எங்கே முடிகிறது, அமைதிக் குலைவு எங்கே தொடங்குகிறது என்று பிரித்துப் பார்க்கப் பொறுமை உள்ளவர்கள் அன்று குறைவு. தகராறில் தலையிட வேண்டிய நடுவர் வருவதற்கு முன்பே தடி வந்துவிட்டது. அதுதான் அன்றைய கோளாறு.

1948 ஜூனில் அவசரகாலம் பிறந்தது. தொழிற்சங்க இயக்கத்தின் ஒரு பகுதி கம்யூனிஸ்டுக் கட்சியோடு பிணைந்திருந்ததால், அரசின் பிடி சங்கங்கள் எல்லாவற்றின் மேலும் இறுகியது. அகில மலாயாத் தொழிற்சங்கச் சம்மேளனத்தின் தலைவராக இருந்த எஸ். ஏ. கணபதி 1949 மார்ச்சில் ரவாங் அருகே கைதானார். துப்பாக்கி வைத்திருந்தார் என்பது குற்றச்சாட்டு. அவசரகால விதிகளின்படி அதற்கு மரண தண்டனை. கைதான மாதத்திலேயே தீர்ப்பு வந்தது. இந்திய அரசு அவருக்காகப் பரிந்து பேசியும் பயன் இல்லை. மே 4-ஆம் நாள் புடு சிறையில் தூக்கிலிடப்பட்டார். அவருடைய அரசியலை ஏற்பவர் உண்டு, மறுப்பவரும் உண்டு. ஆனால் தோட்டத்து லயங்களில் அந்தச் செய்தி வேறு விதமாகத்தான் காதில் விழுந்தது: “சங்கம் சங்கம் என்று போனவன் கதி என்ன ஆயிற்று பார்!” பல தாய்மார் பிள்ளைகளின் காதில் ஓதிய பாடம் அது.

இப்போது வரலாற்றின் மறுபக்கத்தைப் புரட்டுவோம்.

1954-இல் பல தோட்டச் சங்கங்கள் ஒன்றுகூடித் தேசியத் தோட்டத் தொழிலாளர் சங்கம் உருவானது. பி. பி. நாராயணன் அதன் முன்னணித் தலைவராக விளங்கினார். தடியும் துப்பாக்கியும் பேசிய இடத்தில் மேசையும் நாற்காலியும் போடப்பட்டன. கூட்டு ஒப்பந்தம் என்ற சொல் தோட்டத்துக்குள் நுழைந்தது.

1957-இல் நாடு சுதந்திரம் அடைந்தது. கூட்டரசு அரசியல் சட்டம் பிறந்தது. அதன் சில பிரிவுகளை நம் முன்னோரின் அனுபவத்துக்குப் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். ஒப்பந்தக் கூலியை வாரண்டு போட்டுப் பிடித்தார்கள். அடிமைத்தனமும் கட்டாய உழைப்பும் கூடாது என்கிறது 6-ஆவது பிரிவு. நாதனைக் காரணம் விசாரிக்காமல் பிடித்தார்கள்; கைது செய்தவனிடம் காரணத்தைச் சொல்ல வேண்டும், வழக்கறிஞரைக் காண விட வேண்டும், 24 மணி நேரத்துக்குள் மாஜிஸ்திரேட் முன் நிறுத்த வேண்டும் என்கிறது 5-ஆவது பிரிவு. அவரைக் கப்பலேற்றினார்கள், குடிமகன் எவனையும் நாடு கடத்தக் கூடாது என்கிறது 9-ஆவது பிரிவு. சங்கம் அமைக்க உரிமை கேட்டார்கள். அதற்கு இடம் தருகிறது 10-ஆவது பிரிவு.

இந்த உரிமைகளுக்குச் சட்டம் எல்லைகளும் வகுத்திருக்கிறது. விசாரணையின்றித் தடுத்துவைக்க 1960-இல் வந்த உள்நாட்டுப் பாதுகாப்புச் சட்டம் 2012 வரை இருந்தது. இன்னும் ஒன்றையும் மறக்கலாகாது. 9-ஆவது பிரிவின் காப்பு குடிமகனுக்குத்தான். பிறப்புப் பத்திரமும் அடையாளக் கார்டும் இல்லாமல் வாழ்ந்த தோட்டத்துக் குடும்பங்கள் எத்தனையோ! ஆகவே பிள்ளை பிறந்ததும் பத்திரம் எடுப்பது வெறும் சடங்கு அல்ல. அது பிள்ளையைச் சட்டத்தின் நிழலுக்குள் கொண்டுவரும் காரியம்.

அடுத்த பெரிய மாற்றம் 1967-ஆம் ஆண்டின் தொழில் உறவுச் சட்டம். சங்கத்துக்கும் முதலாளிக்கும் பேச்சு முறிந்தால், தகராறு தொழில் நீதிமன்றத்துக்குப் போக அது வழி செய்தது. இந்த நீதிமன்றம் குற்றவாளிக் கூண்டு உள்ள நீதிமன்றம் அல்ல. இங்கே யாரும் யாரையும் சிறைக்கு அனுப்புவதில்லை. சட்டத்தின் நுணுக்கமான சடங்குகளைப் பெரிதுபடுத்தாமல், நியாயத்தையும் மனச்சாட்சியையும் வழக்கின் உண்மைத் தன்மையையும் பார்த்துத் தீர்ப்புச் சொல்ல வேண்டும் என்று அந்தச் சட்டமே கட்டளையிடுகிறது. படிக்காத தொழிலாளி அஞ்சிய அந்த ‘நுணுக்கம்’ இங்கே இரண்டாம் இடத்துக்குப் போய்விட்டது.

1981-இல் கூட்டரசு நீதிமன்றம் அளித்த ஒரு தீர்ப்பை ஒவ்வொரு தொழிலாளியும் அறிந்திருக்க வேண்டும். ஒரு நிறுவனம் தன் ஊழியரை நோட்டீஸ் கொடுத்து நிறுத்தியது. ஒப்பந்தப்படி நோட்டீஸ் கொடுத்துவிட்டோம், அதற்கு மேல் என்ன என்பதே அதன் வாதம். அந்த வாதம் எடுபடவில்லை. நோட்டீஸ் கொடுத்து நிறுத்துவதும் வேலை நீக்கமும் அடிப்படையில் வேறல்ல. முதலாளி சொல்லும் காரணம் உண்மையானதா, நியாயமானதா என்று தொழில் நீதிமன்றம் விசாரித்தே ஆக வேண்டும் என்று தீர்ப்பாயிற்று. தீர்ப்பை வழங்கியவர் அப்போது மலாயாவின் தலைமை நீதிபதியாக இருந்த ராஜா அஸ்லான் ஷா. பின்னாளில் பேராக் சுல்தானாகவும் நாட்டின் மாமன்னராகவும் விளங்கியவர். காரணமில்லாமல் ஒருவன் பிழைப்பைப் பறிக்கக் கூடாது என்று நாட்டின் உயர்ந்த நீதி மேடை சொல்லிவிட்டது. ஏழை சொல் அம்பலம் ஏறிய நாள் அது.

அப்படியானால் நாம் செய்ய வேண்டியது என்ன?

சம்பளம் தரவில்லையா, கூடுதல் நேரத்துக்குப் பணம் தரவில்லையா? அது தொழிலாளர் இலாகாவின் காரியம். 1955-ஆம் ஆண்டு வேலைச் சட்டப்படி இலாகாவே இரு தரப்பையும் அழைத்து விசாரித்து உத்தரவு போடலாம். காரணமின்றி வேலையிலிருந்து நீக்கினார்களா? தொழில் உறவு இலாகாவுக்கு எழுத்து மூலம் முறையிட வேண்டும். நீக்கிய நாளிலிருந்து 60 நாளுக்குள் முறையிட வேண்டும். சங்க உறுப்பினராக இல்லாதவரும் முறையிடலாம். முதலில் சமரசம் பேசுவார்கள். ஒத்துவராவிட்டால் விவகாரம் தொழில் நீதிமன்றத்துக்குப் போகும். மண்டோரோ வேறு யாரோ அடித்தார்களா, மிரட்டினார்களா, அடையாளக் கார்டைப் பிடுங்கிக்கொண்டார்களா? அப்போதுதான் போலீஸ். அங்கே போய்ப் புகார் கொடுத்து, அதன் நகலை வாங்கிப் பத்திரப்படுத்த வேண்டும். மறியல் செய்வதும் சட்டத்தில் இடமுள்ள செயலே. ஆனால் வேலையிடத்துக்கு அருகில் அமைதியாக நின்று செய்தி சொல்வதுதான் மறியல். வாசலை அடைத்தாலோ, ஆளை மிரட்டினாலோ சட்டம் நம்மைக் காக்காது. வேலை நிறுத்தத்துக்கும் இரகசிய வாக்கெடுப்பு முதலான முறைகள் உண்டு. அவற்றைச் சங்கத்தின் வழியே செய்ய வேண்டும்.

சம்பளச் சீட்டு, நியமனக் கடிதம், மருத்துவச் சீட்டு எதையும் தூக்கி எறியாதீர்கள். பழைய பிஸ்கட் டின்னில் போட்டு வைத்தாலும் சரி, பத்திரமாக வையுங்கள். நீதிமன்றத்தில் கண்ணீர் சாட்சி ஆகாது. காகிதம் சாட்சி ஆகும்.

முதலில் சொன்ன அந்த அம்மையாரின் கதைக்கு வருவோம். அவருடைய வழக்கு நாள் கடந்துபோன வழக்கு. அதை யாராலும் மீட்க முடியவில்லை. ஆனால் அவர் அதோடு ஓய்ந்துவிடவில்லை. அன்றிலிருந்து அக்கம்பக்கத்தில் யாருக்காவது வேலை போனது என்று கேள்விப்பட்டால், முதல் ஆளாக அந்த வீட்டுக்குப் போவார். “அழுதது போதும். இன்றைக்கு என்ன தேதி? முதலில் அதைச் சொல்லு” என்பார். சுவரில் மாட்டியிருக்கும் காலண்டரில் அறுபதாவது நாளைத் தாமே எண்ணி வட்டம் போட்டுவிட்டு வருவார். எழுதப் படிக்கத் தெரியாத அவருக்கு அந்தக் கணக்கு மட்டும் தப்புவதே இல்லை.